பருப்பு வேக மறுப்பதும் தக்காளி குழைந்துபோவதும் ஏன்? செடிகளின் பசையான ‘பெக்டின்’ செய்யும் வேலை

போர்த் தண்ணீரில் பருப்பு வேகாது என்பதைத் தமிழ்நாட்டில் யாரும் பாடப்புத்தகத்தில் படித்துத் தெரிந்துகொள்வதில்லை. வீடு மாறிய முதல் வாரத்திலேயே தெரிந்துவிடும். பழைய வீட்டில் நாலு விசிலில் குழைந்த துவரம்பருப்பு, புது வீட்டில் ஏழு விசில் விட்டாலும் தனித்தனியாக முழித்துக்கொண்டு நிற்கும். “பருப்பு மேல தப்பு இல்ல, தண்ணிதான் சரியில்ல” என்று பக்கத்து வீட்டில் சொல்வார்கள். கேன் தண்ணீரில் வேகவைத்தால் பிரச்சினை தீர்ந்துவிடும்.

இதேபோல இன்னும் இரண்டு வழக்கங்கள் எல்லா வீட்டிலும் உண்டு. சாம்பாரில் காய் வெந்த பிறகுதான் புளியைக் கரைத்து ஊற்ற வேண்டும்; அவசரப்பட்டு முன்னாடியே ஊற்றிவிட்டால் காய் விறைத்துக்கொண்டு வேகாது. கொண்டைக்கடலை சீக்கிரம் வேக வேண்டுமானால் ஒரு சிட்டிகை ஆப்ப சோடா போட வேண்டும்.

ஒரு பக்கம் இந்தச் சமையல் வழக்கங்கள். இன்னொரு பக்கம், ஒரு சீசனில் கிலோ 100 ரூபாயைத் தாண்டும் தக்காளி, அடுத்த சீசனில் பறிகூலிக்குக்கூடக் கட்டாமல் சாலையோரம் கொட்டப்படுகிறதே, அந்தச் சோகம். இரண்டிலும் ஒரே பொருளுக்குப் பங்கு இருக்கிறது. அதன் பெயர் பெக்டின். ஜாம் பாட்டிலின் லேபிளில் சிறிய எழுத்தில் பலர் பார்த்திருக்கலாம். செடி அதை ஜாமுக்காகத் தயாரிக்கவில்லை. தன் உடம்பு கலைந்துபோகாமல் இருக்கத்தான் தயாரிக்கிறது.

எலும்பில்லாத உடம்பு

மனித உடம்பைத் தாங்க எலும்பு இருக்கிறது. செடிக்கு அது கிடையாது. ஒவ்வொரு செல்லும் தன்னைச் சுற்றி ஒரு சுவர் கட்டிக்கொள்கிறது. அந்தச் சுவர்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதால்தான் கீரைத்தண்டும் நிமிர்ந்து நிற்கிறது, புளியமரமும் நிமிர்ந்து நிற்கிறது.

சுவருக்குள் மூன்று முக்கியச் சரக்குகள் இருக்கின்றன. மூன்றுமே சர்க்கரைக் கண்ணிகளைக் கோத்து உருவாக்கிய நீண்ட சங்கிலிகள். முதலாவது செல்லுலோஸ். கான்கிரீட்டுக்குள் போகும் கம்பி மாதிரி இழுவிசையைத் தாங்குவது அது. பருத்தி நூல் ஏறக்குறைய முழுக்க செல்லுலோஸ்தான். இரண்டாவது ஹெமிசெல்லுலோஸ், கம்பிகளோடு ஒட்டி உறவாடும் துணைச் சங்கிலிகள். மூன்றாவது பெக்டின். கம்பிகளுக்கு இடையே உள்ள இடத்தை நிரப்பும் கூழ் அது. ஒரு செல்லுக்கும் பக்கத்துச் செல்லுக்கும் நடுவே உள்ள மெல்லிய அடுக்கிலோ பெக்டின்தான் பிரதானம். செங்கல்லுக்கும் செங்கல்லுக்கும் நடுவே பூசும் சாந்து போல.

தக்காளி, அவரை, மா, கொய்யா போன்ற இருவித்திலைத் தாவரங்களின் இளம் செல் சுவரில், உலர்ந்த எடையில் சுமார் மூன்றில் ஒரு பங்கு பெக்டின். நெல், கோதுமை போன்ற புல்லினங்களில் மிகக் குறைவு. அவை சுவர் கட்டும் பாணியே வேறு.

பெக்டினைப் பிரித்தெடுத்து அதற்குப் பெயர் வைத்தவர் பிரான்ஸ் நாட்டு வேதியியலாளர் ஹென்றி பிராகொன்னோ. ஆண்டு 1825. உறையக்கூடியது என்ற பொருள் தரும் கிரேக்கச் சொல்லிலிருந்து அந்தப் பெயரை எடுத்தார். பழச்சாறு சர்க்கரையோடு சேர்ந்து ஏன் உறைகிறது என்பதுதான் அன்றைய கேள்வி. செடிக்குள் அது என்ன செய்கிறது என்று கேட்கப் பல பத்தாண்டுகள் ஆயின. இன்றும் வணிகத்துக்கான பெக்டின் பெரும்பாலும் ஜூஸ் ஆலைகளில் மிஞ்சும் எலுமிச்சை, ஆரஞ்சுத் தோல்களிலிருந்தும் ஆப்பிள் சக்கையிலிருந்தும்தான் எடுக்கப்படுகிறது.

‘பெக்டின்’ என்று ஒருமையில் சொன்னாலும் அது ஒரே பொருள் அல்ல, ஒரு குடும்பம். அதில் பெரும்பங்கு வகிப்பது கேலக்டுரோனிக் அமிலம் என்ற சர்க்கரை அமிலத்தை வரிசையாகக் கோத்த நேர்ச்சங்கிலி. கிளை கிளையாகப் பிரியும் வகைகளும் உண்டு. வெண்டைக்காயை நறுக்கும்போது விரலில் ஒட்டும் வழவழப்பு அந்தக் கிளைவகைப் பெக்டின் நிறைந்தது.

கால்சியம் போடும் பூட்டு

நேர்ச்சங்கிலியின் ஒவ்வொரு கண்ணியிலும் எதிர்மின்னூட்டம் கொண்ட ஓர் இடம் இருக்கிறது. கால்சியம் நேர்மின்னூட்டம் கொண்டது, அதுவும் இரட்டையாக. ஒரு கால்சியம் இரண்டு பக்கத்துச் சங்கிலிகளையும் ஒரே நேரத்தில் பிடித்துக்கொள்ளும். இப்படி வரிசையாகப் பல கால்சியம் வந்து உட்கார்ந்தால் இரண்டு சங்கிலிகளும் கெட்டியாகப் பூட்டிக்கொள்ளும். 1973இல் பிரிட்டன் ஆய்வாளர்கள் இதை முட்டை அட்டையோடு ஒப்பிட்டார்கள். குழிவான இரண்டு அட்டைகளுக்கு நடுவே முட்டைகள் உட்கார்ந்திருப்பது போல, இரண்டு பெக்டின் சங்கிலிகளுக்கு நடுவே கால்சியம். அந்தப் பெயரே இன்றுவரை நிலைத்துவிட்டது.

செடி இந்தப் பூட்டை எப்போது வேண்டுமானாலும் விழவிடுவதில்லை. செல்லுக்குள் பெக்டினைத் தயாரிக்கும்போது அந்த மின்னூட்ட இடங்களில் பெரும்பாலானவற்றை மீத்தைல் என்ற சிறு மூடி போட்டு மறைத்துத்தான் வெளியே அனுப்புகிறது. மூடி இருக்கும்வரை கால்சியத்துக்குப் பிடி கிடைக்காது; சுவர் நெகிழ்வாக இருக்கும். எங்கே சுவர் இறுக வேண்டுமோ அங்கே ஒரு நொதியை அனுப்பி மூடியைக் கழற்றுகிறது. கழற்றும் நொதியைத் தடுக்க இன்னொரு புரதத்தையும் கையில் வைத்திருக்கிறது. எங்கே மூட வேண்டும், எங்கே திறக்க வேண்டும் என்ற கணக்கு அவ்வளவு நுணுக்கமானது. ஆய்வகங்களின் செல்லப்பிள்ளையான அராபிடாப்சிஸ் என்ற சின்னஞ்சிறு கடுகினச் செடியில் மூடி கழற்றும் நொதிக்கு மட்டும் அறுபதுக்கும் மேற்பட்ட மரபணுக்கள் உள்ளன.

இப்போது குக்கருக்குத் திரும்பலாம். பருப்பு வேகும்போது சூட்டில் பெக்டின் சங்கிலி அறுந்து தண்ணீரில் கரைகிறது. செல்களுக்கு நடுவே இருந்த சாந்து கரைந்ததும் செல்கள் பிரிந்து பருப்பு குழைகிறது. போர்த் தண்ணீரின் கடினத்தன்மை என்பது அதில் கரைந்திருக்கும் கால்சியமும் மெக்னீசியமும்தான். அந்தக் கால்சியம் பருப்புக்குள் புகுந்து பெக்டினைப் பூட்டிவிடுகிறது. பூட்டிய பெக்டின் சுலபத்தில் கரையாது. விசில் எண்ணிக்கையைக் கூட்டினாலும் பயன் குறைவு. பேச்சுவழக்கில் ‘உப்புத் தண்ணி’ என்கிறார்கள். ஆனால் இங்கே குற்றவாளி சமையல் உப்பான சோடியம் குளோரைடு அல்ல, கால்சியம்.

புளி ஏன் தடுக்கிறது? சூட்டில் பெக்டின் சங்கிலி அறுபடும் வேதிவினை அமிலத்தில் மந்தமாகிவிடும். சோடா ஏன் உதவுகிறது? அதே வினை காரத்தன்மையில் வேகமெடுக்கும். சோடாவைத் தாராளமாகப் போட்டால் தையமின் போன்ற வைட்டமின்கள் அழியும், வாயிலும் ஒரு சோப்பு ருசி தட்டும் என்பதால்தான் ‘சிட்டிகை’ என்ற அளவு.

ஒரு வருஷத்துக்கு மேல் டப்பாவில் கிடந்த பழைய பருப்பு, நல்ல தண்ணீரில்கூட அடம்பிடிக்கும். சூடும் ஈரப்பதமும் உள்ள இடத்தில் கிடக்கும்போது, பருப்பிலேயே உள்ள ஃபைட்டிக் அமிலச் சேர்மங்கள் மெல்லச் சிதைகின்றன. அவை பிடித்துவைத்திருந்த கால்சியமும் மெக்னீசியமும் விடுபட்டுப் பெக்டினைப் பூட்டுகின்றன. விஞ்ஞானிகள் இதற்குச் சொல்லும் முக்கியமான விளக்கம் இதுதான். பருப்பு தனக்குத்தானே போர்த் தண்ணீர் ஊற்றிக்கொண்ட கதை.

பூட்டை வேண்டுமென்றே போடும் சமையலும் உண்டு. ஆக்ராவின் பேட்டா செய்பவர்கள் சாம்பல் பூசணித் துண்டுகளைச் சுண்ணாம்புத் தண்ணீரில் ஊறவைத்துவிட்டுத்தான் சர்க்கரைப் பாகில் போடுவார்கள். சுண்ணாம்பின் கால்சியம் பெக்டினை இறுக்கிவிடுவதால், அவ்வளவு நேரம் பாகில் கொதித்தும் துண்டு குழையாமல் கடிபடும்.

ஒரு பக்கம் இறுக்கம், ஒரு பக்கம் நெகிழ்வு

செடியின் வாழ்க்கையில் இந்தப் பூட்டுக்கு என்ன வேலை? தாவர செல்லுக்குள் இருக்கும் நீரழுத்தம் சாதாரணமானதல்ல. கார் டயரின் காற்றழுத்தத்தைப் போல இரண்டு, மூன்று மடங்கு இருக்கும். சுவர் அதைத் தாங்கவும் வேண்டும், செல் வளர வேண்டிய நேரத்தில் விட்டுக்கொடுக்கவும் வேண்டும். எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி விட்டுக்கொடுத்தால் செல் பந்தாகத்தான் உப்பும். தண்டு நீள வேண்டும், இலை விரிய வேண்டும் என்றால் பக்கத்துக்குப் பக்கம் இறுக்கம் மாற வேண்டும்.

இதைக் கண்ணுக்குத் தெரியும்படி காட்டுவது மகரந்தக் குழாய். சூலகமுடியில் விழுந்த ஒரு மகரந்தத்தூள், கருவைத் தேடி நூல் போன்ற ஒரு குழாயை நீட்டும். அந்தக் குழாய் நுனியில் மட்டும்தான் வளரும். நுனிக்கு வந்துசேரும் புதுப் பெக்டின் மூடி போட்டது. அதனால் நுனி நெகிழ்வாக இருந்து அழுத்தத்துக்கு நீள்கிறது. நுனி முன்னேறிய பிறகு பின்தங்கும் பகுதியில் மூடிகள் கழற்றப்பட்டுக் கால்சியம் பூட்டு விழுகிறது; பக்கச்சுவர் இறுகுகிறது. கழற்றும் நொதியைச் செயற்கையாக அதிகம் கொடுத்துப் பார்த்தபோது நுனியும் இறுகி வளர்ச்சி தடைப்பட்டது. ஒவ்வொரு நெல்மணிக்கும் மாங்காய்க்கும் முன்னால் இப்படி ஒரு குழாய் பயணம் செய்து முடித்திருக்கிறது.

இலை உதிர்வதும் இதே கணக்குதான். காம்பு தண்டோடு சேரும் இடத்தில் சில செல் வரிசைகளுக்கு நடுவே உள்ள பெக்டினைச் செடியே நொதிகளை விட்டுக் கரைக்கிறது. சாந்து போன சுவர் தன் எடையிலேயே பிரிந்து விழுகிறது. காற்று வந்து பறிக்கிறது என்று நினைக்கிறோம். தாழ்ப்பாளை ஏற்கெனவே செடி திறந்துவைத்திருக்கிறது.

செடி திறப்பதை எதிரியும் திறக்கத் தெரிந்துவைத்திருக்கிறது. மூட்டையில் ஒரு உருளைக்கிழங்கு அழுகினால் இரண்டு நாளில் பக்கத்தில் இருப்பதெல்லாம் கூழாகி நாறுவதைப் பார்த்திருப்போம். பெக்டோபாக்டீரியம் என்ற பாக்டீரியா, பெயருக்கேற்றபடி, பெக்டினை வெட்டும் நொதிகளைக் கக்கியே உள்ளே நுழைகிறது. செடியும் சும்மா இருப்பதில்லை. வெட்டுப்பட்ட பெக்டினின் சிறு துண்டுகளே அதற்கு அபாயச் சங்கு. பத்துப் பதினைந்து கண்ணி நீளமுள்ள துண்டுகள் மிதந்து வந்தால், ‘யாரோ சுவரை உடைக்கிறார்கள்’ என்று புரிந்துகொண்டு செல்கள் தற்காப்பு வேலைகளைத் தொடங்கிவிடுகின்றன.

தென்னைக்கு வெண்காரம் எதற்கு?

விவசாயிகள் இந்தச் சுவர்ப் பிரச்சினையை வேறு பெயர்களில் ஏற்கெனவே சந்தித்துக்கொண்டிருக்கிறார்கள். தக்காளிக் காயின் அடிப்பாகம், அதாவது பூ இருந்த நுனி, கறுத்துக் குழிவிழுந்து தோல் மாதிரி காய்ந்துபோகும். பலரும் பூஞ்சாண நோய் என்று நினைத்து மருந்து அடிப்பார்கள். அடிப்படைக் காரணம் நோய் அல்ல. வளரும் காயின் நுனிக்குப் போதிய கால்சியம் போய்ச் சேராததுதான். மண்ணில் கால்சியம் நிறைய இருந்தாலும் இது வரும். ஏனென்றால் கால்சியம் தண்ணீரோடு சேர்ந்து மேலே ஏறி, நீராவி அதிகம் வெளியேறும் இலைகளுக்கே முதலில் போகும். காய்க்கு மிச்சம்தான். நான்கு நாள் காயவிட்டு ஐந்தாம் நாள் வெள்ளமாகப் பாய்ச்சும் தோட்டத்தில் இது அதிகம். சீரான பாசனம்தான் முதல் வைத்தியம், 0.5 சதவீதக் கால்சியம் குளோரைடு கரைசலைத் தெளிப்பது அடுத்தது.

போரான் கதை இன்னும் சுவாரஸ்யம். செடிக்குப் போரான் அவசியம் என்பதை 1923இல் இங்கிலாந்தின் ரோதம்ஸ்டெட் ஆய்வு நிலையத்தில் கேத்தரின் வாரிங்டன் நிரூபித்தார். போரான் கிடைக்காத அவரைச் செடிகள் வளராமல் மடிந்தன. ஆனால் அந்தப் போரான் செடிக்குள் போய் என்ன செய்கிறது என்று எழுபது ஆண்டுகளுக்கு மேலாக யாராலும் திட்டவட்டமாகச் சொல்ல முடியவில்லை. 1990களின் நடுவில்தான் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் விடை கிடைத்தது. பெக்டின் குடும்பத்தில் ராம்னோகேலக்டுரோனன்-2 என்று வாய் சுளுக்கும் பெயர் கொண்ட ஓர் உறுப்பினர் உண்டு. பன்னிரண்டுக்கும் மேற்பட்ட சர்க்கரை வகைகளை மிகச் சிக்கலாகக் கோத்தது அது. அப்படிப்பட்ட இரண்டை இணைக்கும் கொக்கியாக ஒரு போரான் உட்காருகிறது.

2001இல் வந்த ஓர் ஆய்வு இதை அழகாக உறுதிசெய்தது. அந்தச் சிக்கலான சங்கிலியில் ஒரு சர்க்கரையைச் சரியாகத் தயாரிக்க முடியாத அராபிடாப்சிஸ் செடி குட்டையாகவே நின்றது. போரான் கொக்கி சரியாக மாட்டாததுதான் காரணம். கூடுதலாகப் போரான் கொடுத்தவுடன் கொக்கிகள் மாட்டின, செடி நிமிர்ந்தது. நூலில் ஒரு முடிச்சு பிசகினால் துணியின் அகலமே குறைந்துபோவது போல.

தமிழ்நாட்டுத் தென்னந்தோப்புகளில் குருத்து விரியாமல் ஓலைகள் சுருங்கி, ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு குட்டையாக நிற்கும் மரங்களுக்கு வேளாண் துறையினர் வெண்காரம், அதாவது போராக்ஸ், வைக்கச் சொல்வார்கள். போரான் பற்றாக்குறையின் அடையாளம் அது. பப்பாளிப் பழம் முண்டும் முடிச்சுமாகக் காய்ப்பதும் அதே பற்றாக்குறையால்தான். ‘கிராம் கணக்கில் வைக்கிற பொடியில் என்ன வந்துவிடப் போகிறது’ என்று நினைக்கத் தோன்றும். கொக்கி சிறியதுதான், அது இல்லாவிட்டால் புதுச் சுவர் எழும்பாது. அளவு மீறினால் போரானே விஷமாகும் என்பதால், பரிந்துரைத்த அளவைத் தாண்டுவதும் ஆபத்து.

தக்காளி விஷயத்தில் தவறிப்போன குறி

பழுப்பது என்பது செடி தன் சுவரைத் தானே தளர்த்தும் வேலை. பச்சைக் காயாக இருக்கும்போது விதை முற்றவில்லை. யாரும் தின்னக் கூடாது. விதை முற்றியதும் நிறம், மணம், இனிப்பு எல்லாம் வந்து, சதையும் மென்மையாக வேண்டும். எத்திலீன் என்ற வாயுவைத் தக்காளி தானே சுரந்து இவ்வளவையும் தொடங்கிவைக்கிறது. பறவைக்கும் அணிலுக்கும் இது சௌகரியம். ராயக்கோட்டையிலிருந்தோ ஒட்டன்சத்திரத்திலிருந்தோ லாரியில் பெட்டி அடுக்கி அனுப்புபவருக்கு அப்படி இல்லை. நிறமும் ருசியும் வரட்டும், மென்மை மட்டும் நாலு நாள் கழித்து வரட்டும் என்பதே அவர் ஆசை.

2023 ஜூலையில் தக்காளி கிலோ 100 ரூபாயைத் தாண்டியபோது, சென்னையில் ரேஷன் கடைகளில் 60 ரூபாய்க்கு விற்க வேண்டியிருந்தது. அதே தக்காளி வரத்து கூடிய சமயங்களில் ஒற்றை இலக்க விலைக்கும் போயிருக்கிறது. மழை, பரப்பு, வரத்து என விலைக்குப் பல காரணங்கள். ஆனால் வெங்காயம் மாதிரி தக்காளியைக் கொஞ்ச நாள் வைத்திருந்து விற்க முடியாது என்பதுதான் ஏற்றத்தையும் இறக்கத்தையும் இவ்வளவு கொடூரமாக்குகிறது. வைத்திருக்க முடியாததற்குச் சுவர் தளர்வது ஒரு பெரிய காரணம்.

எனவே பழத்தில் பெக்டினை வெட்டும் கத்தியைக் கண்டுபிடித்து நிறுத்திவிட்டால் போதும் என்று 1980களில் விஞ்ஞானிகள் கணக்குப் போட்டார்கள். சந்தேகப்படும்படி ஒரு ஆள் கண்ணெதிரே இருந்தது. பாலிகேலக்டுரோனேஸ் என்ற நொதி. பச்சைக் காயில் ஏறக்குறைய இல்லவே இல்லை. பழுக்கத் தொடங்கியதும் அள்ளி அள்ளிச் சுரக்கிறது. பெக்டின் சங்கிலியை நன்றாக வெட்டுகிறது. வேறென்ன வேண்டும்? அமெரிக்காவில் கால்ஜீன் நிறுவனமும், பிரிட்டனில் நாட்டிங்ஹாம் பல்கலைக்கழகத்தின் டான் கிரியர்சன் குழுவும் தனித்தனியாக அந்த மரபணுவை ஊமையாக்கிய தக்காளிகளை உருவாக்கி 1988இல் அறிவித்தன.

கால்ஜீனின் தக்காளி ‘ஃப்ளேவர் சேவர்’ என்ற பெயரில் 1994 மே மாதம் அமெரிக்கக் கடைகளுக்கு வந்தது. மரபணு மாற்றிய முழு உணவுப்பொருள் ஒன்று மக்கள் சாப்பிட விற்பனைக்கு வந்தது அதுவே முதல்முறை. உலகமே வேடிக்கை பார்த்தது. பழத்தைக் கொடியிலேயே பழுக்கவிட்டுப் பறிக்கலாம், பிறகும் கெட்டியாக இருக்கும் என்பதுதான் வாக்குறுதி. நடந்தது வேறு. பழுத்துப் பறித்த பழங்கள் லாரியில் நசுங்கின. கையாளும் செலவு எகிறியது. 1997க்குள் கதை முடிந்தது. மரபணு மாற்றத்துக்கு எழுந்த எதிர்ப்புதான் அதைக் கொன்றது என்று இன்றும் சிலர் சொல்வதுண்டு. அது பாதிக் கதைகூட இல்லை. அந்த நொதியை ஏறக்குறைய முழுவதும் அடக்கியும் பழம் எதிர்பார்த்த அளவுக்குக் கெட்டியாகவில்லை என்பதுதான் அடிப்படை.

பிரிட்டனில் அதே உத்தியில் உருவான தக்காளி, பழமாக அல்லாமல் டப்பாவில் அடைத்த கூழாக 1996இல் விற்பனைக்கு வந்தது. அங்கே அது பலித்தது. சுமார் 18 லட்சம் டப்பாக்கள் விற்றன. சங்கிலிகள் வெட்டுப்படாமல் நீளமாகவே இருந்ததால் கூழ் கெட்டியாக வந்தது. தண்ணீரை வற்றவைக்கும் செலவு மிச்சம். அதாவது அந்த நொதி பெக்டினை வெட்டுவது உண்மை. ஆனால் பழத்தைக் குழையவைக்கும் முக்கிய வெட்டு அது போட்டதல்ல. மக்கள் எதிர்ப்பு வலுத்தபின் 1999இல் அந்த டப்பாக்களும் அலமாரியைவிட்டுப் போயின.

அப்படியானால் அசல் கத்தி எது? இருபது ஆண்டுகள் ஓடின. தக்காளியின் முழு மரபணு வரைபடம் 2012இல் வெளியானது. அதன் 12 குரோமோசோம்களில் ஐந்தாவதன் பொறுப்பை இந்திய ஆய்வகங்கள் ஏற்றிருந்தன. கையில் வரைபடம் வந்ததும், பழுக்கும்போது விழித்தெழும் எல்லா மரபணுக்களையும் வரிசையாகப் பார்க்க முடிந்தது. 2016இல் நாட்டிங்ஹாமின் கிரஹாம் சீமோர் குழு, பெக்டேட் லையேஸ் என்ற இன்னொரு நொதியை அடக்கிக் காட்டியது. பழம் தெளிவாகக் கெட்டியாக இருந்தது. நிறமும் மணமும் இனிப்பும் குறிப்பிடும்படி மாறவில்லை. 2019இல் கிரிஸ்பர் என்ற மரபணுத் திருத்த முறையில் ஒவ்வொரு நொதியாக முடக்கி ஒப்பிட்டபோது விஷயம் இன்னும் துலங்கியது. பெக்டேட் லையேஸை முடக்கினால் பழம் கெட்டி. பழைய சந்தேக நபரான பாலிகேலக்டுரோனேஸை முடக்கினால் கெட்டித்தன்மையில் மாற்றமில்லை.

இந்த இரண்டு நொதிகளும் பெக்டினை வெட்டும் விதமே வேறு. பாலிகேலக்டுரோனேஸ் தண்ணீர் மூலக்கூறு ஒன்றைப் புகுத்திச் சங்கிலியை அறுக்கிறது. பெக்டேட் லையேஸுக்குத் தண்ணீர் தேவையில்லை. சங்கிலியிலிருந்தே ஒரு ஹைட்ரஜனைப் பிடுங்கி அறுக்கிறது. குக்கருக்குள் பருப்பின் பெக்டினைச் சூடு அறுப்பதும் அதே வேதிவினைதான். அடுப்பும் ஆப்ப சோடாவும் சேர்ந்து செய்கிற வேலையை, ஒரு நொதியின் துணையோடு தக்காளி கொடியில் இருந்தபடியே சத்தமில்லாமல் செய்துகொள்கிறது. மூன்று செல்கள் சந்திக்கும் மூலைகளில் பெக்டின் அடர்த்தியாக இருக்கும். அந்த மூலைகளில்தான் இந்த வெட்டு முக்கியமாக விழுகிறது.

இதோடு எல்லாம் தீர்ந்துவிட்டது என்று சொல்ல முடியாது. தோலின் மெழுகுப்பூச்சு வழியாகப் பழம் தண்ணீரை இழப்பதும் மென்மைக்கு ஒரு காரணம். பெக்டின் அல்லாத சங்கிலிகளைத் தளர்த்தும் புரதங்களும் உண்டு. தில்லியில் உள்ள தேசியத் தாவர மரபணு ஆராய்ச்சி நிறுவனத்தினர் 2010இல் முற்றிலும் வேறொரு வழியில் போனார்கள். புரதங்களோடு ஒட்டியிருக்கும் சர்க்கரைகளைச் சீவும் இரண்டு நொதிகளை அடக்கி, தக்காளி கெடாமல் இருக்கும் காலத்தைச் சுமார் 30 நாள் நீட்டிக் காட்டினார்கள்.

கடைக்கு எப்போது வரும்?

பழைய முறையில் ஒரு மரபணுவைப் புகுத்துவதற்கும், கிரிஸ்பர் முறையில் செடியின் சொந்த மரபணுவில் ஓர் எழுத்தைத் திருத்துவதற்கும் சட்டத்தின் பார்வையில் வித்தியாசம் வந்துவிட்டது. வெளியிலிருந்து மரபணு சேர்க்காத திருத்தப்பட்ட பயிர்களுக்கு, மரபணு மாற்றுப் பயிர்களுக்கான கடுமையான விதிகளில் சிலவற்றிலிருந்து இந்திய அரசு 2022 மார்ச்சில் விலக்கு அளித்தது. அந்த வழியில் இரண்டு நெல் ரகங்கள் 2025 மே மாதம் அறிவிக்கப்பட்டன. தக்காளியைப் பொறுத்தவரை, திருத்தப்பட்ட ரகம் ஒன்று ஜப்பானில் 2021 முதல் விற்பனையில் இருக்கிறது. ஆனால் அது காபா என்ற சத்தைக் கூட்டுவதற்காகத் திருத்தியது, கெட்டித்தன்மைக்காக அல்ல. திருத்தப்பட்ட பயிர்களை எல்லோரும் வரவேற்கவும் இல்லை. விதையின் உரிமை யாரிடம் இருக்கும், பரிசோதனை போதுமா என்ற கேள்விகளை விவசாய அமைப்புகள் எழுப்பிவருகின்றன. தக்காளியிலும் அந்தக் கேள்விகள் வரும். பெக்டின் வேதியியலில் அவற்றுக்குப் பதில் கிடையாது.

ருசி பற்றிய கேள்வியும் இருக்கிறது. நாட்டுத் தக்காளி ரசத்துக்கு, பெங்களூர் தக்காளி சாலடுக்கு என்று கடைக்காரரிடம் கேட்டு வாங்குகிற ஊர் இது. ரசத்துக்கு வேண்டியது கையால் பிசைந்தால் கரைந்துபோகும் பழம். கெட்டிப் பழத்தை எல்லோரும் விரும்பிவிடுவார்கள் என்று எதிர்பார்க்க முடியாது.

இப்போதைக்குத் தோட்டத்தில் நடப்பது பழைய முறைதான். வெளியூர் போகிற தக்காளியை, அடியில் லேசாக இளஞ்சிவப்பு தெரியத் தொடங்கும்போதே பறித்துவிடுகிறார்கள். அந்த நிலையில் எத்திலீன் சுரக்கத் தொடங்கியிருக்கும். பெக்டின் பெரும்பாலும் அறுபடாமல் இருக்கும். மிச்ச நிறம் வழியில் ஏறிக்கொள்ளும். சாக்கிலோ குவியலாகவோ ஏற்றாமல் பிளாஸ்டிக் பெட்டியில் ஏற்றினால் அடிபடுவது குறையும், அடிபட்ட பழம் எத்திலீனைக் கூடுதலாகச் சுரந்து பக்கத்துப் பழத்தையும் அவசரப்படுத்துவதும் குறையும். பச்சை மாறாத காயைச் சுமார் 12 டிகிரிக்குக் கீழே பல நாள் வைத்தால் குளிர் தாக்கிப் பிறகு சரியாகப் பழுக்காது. நன்கு பழுத்துவிட்டதைச் சில நாள் ஃபிரிட்ஜில் வைப்பதில் தவறில்லை. மணம் கொஞ்சம் குறையும், ஆனால் பெக்டினை வெட்டும் நொதிகளின் வேகமும் குளிரில் குறைந்துவிடும்.